பொருள் தெரியாத வெளிநாட்டுப் பெயரைத் தமிழ்க் குழந்தைக்கு வைக்கலாமா?

கேள்வியைப் பார்த்தால், உங்கள் வீட்டில் நீங்கள் ஒரு பெயர் சொல்லி, பெரியவர்கள் யாரோ முகத்தைச் சுளித்திருக்கிறார்கள் என்று தோன்றுகிறது. இல்லையென்றால் மன்னிக்கவும். ஆனாலும் பதில் சொல்ல எனக்கு உரிமை உண்டு. என் பெயர் வாலண்டினா. ஊர் வியாசர்பாடி. நான் கிறிஸ்தவரும் இல்லை, ஆங்கிலோ இந்தியரும் இல்லை. பெரம்பூர் பக்கம் என்றதும் அடுத்த கேள்வி அதுதான் என்பதால் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். காதலர் தினத்தில் பிறக்கவும் இல்லை. பிப்ரவரி மாதம் அலுவலகத்தில் நான் கேட்ட ஜோக்குகளைத் தொகுத்தால் தனிப் பதிலே போடலாம்.

அப்பா பின்னி மில்லில் ஸ்பின்னிங்கில் வேலை பார்த்தவர். அப்போது சோவியத் பத்திரிகைகள் எங்கள் பக்கம் மலிவாகக் கிடைக்கும். தாள் வழவழவென்று இருக்கும், நாங்கள் நோட்டுக்கு அட்டை போடுவோம். அப்பா அட்டை போடக் கொடுப்பதற்கு முன்னால் படித்துவிடுவார். அப்படி அவர் படித்துத் தெரிந்துகொண்டவர்தான் வாலண்டினா தெரெஷ்கோவா. 1963 ஜூன் 16 அன்று வோஸ்டாக்-6 கலத்தில் தனியாளாகப் போய், ஏறக்குறைய மூன்று நாளில் பூமியை 48 முறை சுற்றிய முதல் பெண். அப்பாவுக்கு விண்வெளி அவ்வளவு பெரிய விஷயமில்லை. அந்தம்மா அதற்கு முன்னால் யாரோஸ்லாவ்ல் நகரத்து நூல் மில்லில் வேலை செய்தவர் என்று போட்டிருந்தார்கள். அதுதான் அவரைப் பிடித்துக்கொண்டது.

சரி, பள்ளிக்கூடத்துக்கு வருவோம். ஒன்றாம் வகுப்பில் சேர்க்க அம்மா கூட்டிப்போனார். டீச்சர் பெயரைக் கேட்டார், அம்மா சொன்னார். "இதெல்லாம் யார் வாயில நுழையும்?" என்று டீச்சரே 'வளர்மதி' என்று எழுதிக்கொண்டார். அம்மாவுக்கு உள்ளுக்குள் சந்தோஷம்தான் என்று நினைக்கிறேன், வாயைத் திறக்காமல் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்துவிட்டார்.

மறுநாள் அப்பா நைட் ஷிப்ட் முடித்து, பஞ்சு ஒட்டிய சட்டையோடு நேராகப் பள்ளிக்கூடம் போனார். பெஞ்சில் உட்கார்ந்து நான் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

"வளர்மதி நல்ல பேருதானே? அர்த்தம் இருக்கு. உங்க பேருக்கு என்ன அர்த்தம், சொல்லுங்க பாப்போம்."

"அர்த்தம் தெரியாது டீச்சர். அந்தம்மாவும் என்னை மாதிரி மில்லு வேலை செஞ்சவங்க. ராக்கெட்ல போனாங்க."

"ராக்கெட்ல போறவங்களுக்கு இந்தப் பேருதான் வைக்கணுமா?"

"வேற யார் டீச்சர் போயிருக்காங்க, மில்லுல இருந்து?"

டீச்சர் சிவப்பு மையால் வளர்மதியை அடித்துவிட்டு மேலே எழுதினார், 'வாலண்டீனா' என்று நெடில் போட்டு. அந்த நெடில் மாற்றுச் சான்றிதழ், மதிப்பெண் சான்றிதழ் என்று என் கூடவே வந்தது. ஆதாரில் குறில். இரண்டும் ஒரே ஆள்தான் என்று எழுதிக் கொடுத்தே எனக்குப் பாதி வயசு போய்விட்டது. தெருவில் எந்தக் குழப்பமும் இல்லை. எல்லோருக்கும் நான் வாலு.

பெயரின் பொருளை நான் பிற்பாடு தேடிப் பார்த்தேன். இலத்தீனில் வலிமை, திடகாத்திரம் என்று வரும் சொல்லிலிருந்து பிறந்ததாம். நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் அப்பா அதை நினைத்து வைக்கவில்லையே. எங்கள் தெருவில் லெனின், ஸ்டாலின் எல்லாம் உண்டு. இரண்டுமே புனைபெயர்கள். ஒருவர் உல்யானவ், இன்னொருவர் ஜுகாஷ்விலி. அவர்கள் தலைமறைவாக இருந்தபோது சூடிக்கொண்ட பெயர்கள் எங்கள் தெருப் பையன்களுக்குப் பிறப்புச் சான்றிதழிலேயே இருக்கின்றன. (நான் எந்தக் கட்சியிலும் இல்லை. சோவியத் செய்ததெல்லாம் சரி என்றும் சொல்லவில்லை. தமிழ்ப் பெயருக்கு எதிரியும் இல்லை, என் மகனுக்குத் தமிழ்ப் பெயர்தான். இதைப் போடாவிட்டால் கருத்துப் பெட்டியில் வந்து நிற்பீர்கள்.)

பொருள் நல்லதாக இருந்தே ஆகவேண்டும் என்பவர்களுக்கு என் ஆயாவின் பெயரைச் சொல்கிறேன்: குப்பம்மா. முன்னால் பிறந்த பிள்ளைகள் தங்காமல் போனால், அடுத்ததைக் குப்பையில் புரட்டி எடுத்து அப்படிப் பெயர் வைப்பார்கள். குப்பைதானே என்று எமன் தொடாமல் போவானாம். அகராதியில் அழுக்கு, ஆனால் பெற்றவள் பயந்து பயந்து வைத்த பெயர் அது.

பக்கத்துத் தெருவில் பர்மாவிலிருந்து வந்த குடும்பங்கள் இருந்தன. 1962 ராணுவ ஆட்சிக்குப் பிறகு கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டு கப்பலேறியவர்கள். பர்மியர்களுக்குக் குடும்பப் பெயரே கிடையாது என்று முதலில் அவர்கள் சொல்லித்தான் கேட்டேன். பிறந்த கிழமைக்கு இன்ன எழுத்து என்று கணக்கு. ஐ.நா. பொதுச்செயலாளராக இருந்த ஊ தாண்ட் வெள்ளிக்கிழமை பிறந்தவர், வெள்ளிக்குரிய எழுத்தில்தான் தாண்ட் தொடங்குகிறது. முன்னால் இருக்கும் 'ஊ' வெறும் மரியாதைச் சொல், நாம் ஐயா என்பதுபோல. ஆங் சான் சூ கியின் பெயரில் முதல் இரண்டும் அப்பா, 'சூ' அப்பாவைப் பெற்ற பாட்டி, 'கி' அம்மா. மொத்தக் குடும்பமும் உள்ளே உட்கார்ந்திருக்கிறது.

தனித்தமிழ்க்காரர்கள் சண்டைக்கு வருவதற்குள் ஜீவாவையும் சொல்லிவிடுகிறேன். 1952 சட்டமன்றத் தேர்தலில் வண்ணாரப்பேட்டையில் ஜெயித்த கம்யூனிஸ்ட் தலைவர் ப. ஜீவானந்தம். வீட்டில் வைத்த பெயர் சொரிமுத்து. தனித்தமிழ் வேகத்தில் ஜீவானந்தத்தை உயிரின்பன் என்று மாற்றினார், பிறகு ஜீவானந்தத்துக்கே திரும்பிவிட்டார். எங்கள் ரயில் நிலையத்துக்கும் வியாசர்பாடி ஜீவா என்றுதான் பெயர். பெயர் என்னவோ பெரிய பெயர்தான். ஆனால் ராத்திரி ஒன்பதுக்கு மேல் செயலியில் வண்டி பிடித்து 'வியாசர்பாடி' என்று சொல்லிப் பாருங்கள், ரத்து செய்துவிடுவார்கள். சினிமாவில் அருவாளைப் பார்த்துவிட்டு எங்களைப் பார்க்கிறார்கள். வட்டிக்கு வண்டி வாங்கி ஓட்டுகிற அந்தத் தம்பிகளில் பாதிப் பேர் எங்கள் பக்கத்து ஆட்கள்தான், அதுதான் எரிச்சல்.

எங்கேயோ போய்விட்டேன். நீங்கள் கேட்டதற்கு என் பதில்: வையுங்கள். ஏன் வைத்தீர்கள் என்று பிள்ளை கேட்டால் சொல்ல உங்களிடம் ஒரு காரணம் இருந்தால் போதும், இணையத்தில் கிடைக்கும் பொருள் பட்டியல் தேவையில்லை. இன்னொன்று, தமிழ்நாட்டில் பெயர் இல்லாமலே பிறப்பைப் பதிவு செய்துவிட்டு, ஒரு வருடத்துக்குள் கட்டணமில்லாமல் பெயரைச் சேர்க்கலாம். அதனால் அவசரப்படாமல் வீட்டில் சண்டையை முடியுங்கள். பதியும்போது குறில் நெடிலை மட்டும் நீங்களே பக்கத்தில் நின்று பாருங்கள்.