தேக்கடில படகு மட்டும் போதுமா, காட்டுக்குள்ள நடக்கவும் செய்யணுமா?

கேள்வி இது: வட சென்னையில இருந்து குடும்பத்தோட கெளம்பி படகுலயும் போகணும், மழைக்காட்டுக்குள்ள நடக்கவும் செய்யணும், மிருகங்கள பாக்கணும், எங்க போலாம், கைடு வச்சுக்கறது காசு தண்டமா? கூட அம்மாவும் பத்து வயசுப் பையனும் வர்றாங்க.

நேரா சொல்லிடறேன், தேக்கடி போங்க. கைடு தண்டம் இல்ல, நீங்க குடுக்கற காசே அந்த ஆளுக்குத்தான், மிருகத்துக்கு இல்ல. மிருகம் வந்தா வரும், வராட்டி இல்ல, அதுக்கு யாரும் டிக்கெட் விக்க முடியாது.

ஏன் தேக்கடின்னா ஏரியும் பசுமை மாறாக் காடும் ஒரே எடத்துல இருக்கு, கைடுங்க தமிழ் பேசுவாங்க, நம்ம பக்கத்துக்கு சென்ட்ரல் கிட்ட. 2023ல இருந்து சென்ட்ரல்ல ராத்திரி கெளம்பற போடி ரயில் வாரத்துல மூணு நாள் ஓடுது, காலையில தேனில எறங்கி கம்பம், லோயர் கேம்ப் தாண்டி மலை ஏறினா குமுளி, அங்கருந்து தேக்கடி ஆட்டோ தூரம்தான். பஸ்ஸும் இருக்கு, ஆனா திருவொற்றியூர்ல இருந்து மூட்டை முடிச்சோட கிளாம்பாக்கம் போய் சேர்றதுக்குள்ளயே பாதி டூர் முடிஞ்ச மாதிரி ஆயிடும், அதனால ரயிலுக்கே முயற்சி பண்ணுங்க.

மொதல்ல படகு. நான் காசிமேட்டு பக்கம் வளந்தவன், எனக்கு படகுல ஏறினா யானை எங்கன்னு பாக்கத் தோணாது, ஜாக்கெட் எல்லாருக்கும் இருக்கா, ஜனம் எந்தப் பக்கம் உக்காந்திருக்குன்னுதான் கண்ணு போவும். 2009 செப்டம்பர் 30ஆம் தேதி அதே ஏரியில ரெண்டடுக்கு படகு ஒண்ணு கவுந்து 45 பேர் செத்துப் போனாங்க, கரையில மிருகத்தப் பாக்க ஜனம் ஒரே பக்கமா ஒதுங்கினதும் ஒரு காரணம்னு அப்ப செய்தியில வந்துச்சு. நம்ம பழவேற்காட்டுல 2011 கிறிஸ்துமஸ் அன்னிக்கு படகு கவுந்து இருபது பேருக்கு மேல போனதும் எங்க பக்கத்துல யாருக்கும் மறக்காது. அதனால லைஃப் ஜாக்கெட்ட கழட்டி மடியில வச்சுக்கறது, ஃபோட்டோவுக்காக எழுந்து நிக்கறது, இதெல்லாம் பண்ற ஆள் பக்கத்துல இருந்தா வாய தொறந்து சொல்லிடுங்க, கூச்சப்படாதீங்க. பையன் கிட்ட ஏறும்போதே சொல்லிடுங்க, யானை தெரிஞ்சாலும் சீட்ட விட்டு எழுந்திரிக்கக் கூடாதுன்னு.

இந்த ஏரி இயற்கையா வந்தது இல்ல, 1895ல பென்னிகுக் முல்லைப் பெரியாறு அணைய கட்டி முடிச்சப்போ தண்ணி ஏறி காடு மூழ்கி உண்டானது. அன்னிக்கு மூழ்கின மரங்களோட கட்டைங்க இன்னும் கறுப்பா தண்ணிக்கு மேல நிக்குது, நூறு வருசத்துக்கு மேல ஆச்சு, இன்னும் விழல. ஒவ்வொரு கட்டை மேலயும் நீர்க்காகமோ பாம்புத்தாராவோ ரெக்கைய விரிச்சு காய வச்சுக்கிட்டு உக்காந்திருக்கும். பாம்புத்தாரா தண்ணிக்குள்ள உடம்ப முழுக்க விட்டுட்டு கழுத்த மட்டும் வெளிய நீட்டி நீந்தும், மொதல் தடவ பாக்கறவங்க பாம்புன்னே கத்துவாங்க. யானைக்காக காத்திருக்கற நேரத்துல இத பாக்காம ஃபோன நோண்டிக்கிட்டு இருக்கறவங்கதான் எறங்கினதும் "ஒண்ணும் இல்லப்பா, வேஸ்ட்டு"ன்னு சொல்றது.

கரையில என்ன தெரியும்னா, யானை, காட்டுமாடு, மிளா, பன்னி, நல்ல நேரம் இருந்தா நீர்நாய்க் கூட்டம். புலி இருக்கு, 1978லயே புலிகள் காப்பகம் ஆன காடு, ஆனா படகுல இருந்து புலி பாக்கறது லாட்டரி, அத நம்பி போகாதீங்க. காலையில மொதல் ட்ரிப், இல்லாட்டி சாயங்காலம் கடைசி ட்ரிப் எடுங்க, உச்சி வெயில்ல மிருகமும் நம்மள மாதிரி நிழலுக்குப் போயிடும். மாசம்னா மார்ச், ஏப்ரல்ல உள்காட்டுல ஓடையெல்லாம் வத்தி மிருகம் ஏரிக்கு எறங்கும், அப்ப நிறைய தெரியும். மழைக்காலத்துல காடு பாக்க அழகு, ஆனா எல்லா எடத்துலயும் தண்ணி கெடைக்கும்போது அது ஏன் நம்ம முன்னாடி வரணும்?

இப்ப நடை. இங்கதான் நிறைய பேர் ஏமாந்து போறாங்க, படகுலயே யானைய பாத்துட்டோம், உள்ள நடந்தா இன்னும் கிட்டத்துல பாக்கலாம்னு கணக்கு போடறாங்க. நெஜம் தலைகீழ். மழைக்காட்டுக்குள்ள பத்தடிக்கு அப்பால ஒண்ணும் தெரியாது, வெளிச்சம் கம்மி, மேல மரம் கூரை போட்ட மாதிரி மூடியிருக்கும், நாம மிருகத்த பாக்கறதுக்கு முன்னாடி அது நம்ம வாடைய புடிச்சு போயிருக்கும். கைடு இல்லாம நடந்தா மூணு மணி நேரம் பச்சையா ஒரு சுவத்தப் பாத்துட்டு வரணும், அவ்ளோதான்.

வனத்துறை நடத்தற நடைக்கு கூட வர்ற ஆளுங்கள்ல பலர் மன்னான், பளியர் பழங்குடி ஆளுங்க. இன்னொரு கூட்டம் இருக்கு, அவங்க கதைதான் எனக்கு ரொம்பப் பிடிச்சது: ஒரு காலத்துல காட்டுக்குள்ள திருட்டுத்தனமா பூந்து சமையலுக்குப் போடற பட்டை மரத்த உரிச்சு வித்துட்டு இருந்தவங்க, தொண்ணூறுகள்ல வனத்துறையோட ஒப்பந்தத்துக்கு வந்து கைடா மாறிட்டாங்க. ராத்திரி லைட் இல்லாம, யார் கண்ணுலயும் படாம, யானைய ஒதுக்கி நடந்து பழகின காலு. அவங்களுக்கு தெரிஞ்சது எந்த புக்குலயும் இருக்காது.

நாங்க போனப்போ மூங்கில் தெப்பத்துல ஏரிய தாண்டி அக்கரையில எறக்கி விட்டாங்க. கொஞ்ச தூரம் போனதும் எங்க கைடு அண்ணன் ஒரு மரத்த காட்டி "பாருங்க சார்"ன்னாரு. தண்டு முழுக்க பாத்தோம், பட்டையும் பாசியும்தான். என் மச்சான் வேற "இன்னாண்ணே, எதுவும் காணோமே"ன்னு நெருங்கிப் போறான். "பேசாம நில்லுங்க, இப்ப காட்டும்"ன்னாரு. கொஞ்ச நேரத்துல பட்டையில ஒரு எடத்துல மஞ்சளா ஒரு தோல் நீட்டிச்சு, மடங்கிச்சு, திரும்ப நீட்டிச்சு. பறக்கும் ஓணான். தொண்டைக்குக் கீழ இருக்கற அந்த மஞ்சத் தோல ஆட்டற வரைக்கும் அது ஓணான்னே தெரியல, அவ்ளோ பக்கத்துல இருந்தும். அப்பறம் ரெண்டு பக்கமும் தோல விரிச்சு அடுத்த மரத்துக்கு சறுக்கிட்டு போச்சு பாருங்க, மச்சான் அன்னிக்கு முழுக்க அதையேதான் பேசிட்டு இருந்தான், காலையில படகுல பாத்த யானைய மறந்தே போயிட்டான்.

இன்னொரு மரத்துல என் தலைக்கு மேல எட்டாத ஒசரத்துல சேறு அப்பியிருந்துச்சு. யானை முதுகு சொறிஞ்ச எடம். அண்ணன் கீழ்ப்பக்கம் வழிஞ்சிருந்தத விரல்ல தொட்டுப் பாத்தாரு, ஈரம் காயல. ஒண்ணும் சொல்லல, எங்கள அப்படியே வேற பக்கமா திருப்பி கூட்டிட்டு போயிட்டாரு. கைடுக்கு எதுக்கு காசுன்னு கேட்டீங்கல்ல, இதுக்குத்தான். மேல கருமந்தி ஒரு மாதிரி கரகரன்னு கத்த ஆரம்பிச்சா அவரு நின்னுடுவாரு, நாமளும் நிக்கணும், அது எத பாத்து கத்துதுன்னு தெரியற வரைக்கும் அடுத்த அடி கெடையாது. மலை அணில் பழத்த கடிச்சு கீழ போடற சத்தம், இருவாச்சி பறக்கும்போது ரெக்கையில வர்ற புஸ் புஸ் காத்து சத்தம், இதெல்லாம் அவரு சொன்னப்பறம்தான் நம்ம காதுல விழும்.

அட்டை. இத கேக்காமயே சொல்லணும். மழைக்காலத்துலயும் அதுக்கப்பறம் கொஞ்ச நாளும் தரை முழுக்க இருக்கும், நம்ம நடை அதிர்ச்சியும் உடம்பு சூடும் தெரிஞ்சு நிமிந்து நிக்கும். முழங்கால் வரைக்கும் வர்ற அட்டை சாக்ஸ் குடுப்பாங்க, பேன்ட்ட அதுக்குள்ள சொருகி கட்டுங்க. ஏறிடுச்சுன்னா பிச்சு எடுக்காதீங்க, நகத்தால அது வாய் ஒட்டியிருக்கற எடத்துல நெம்பி விடுங்க. ரத்தம் கொஞ்ச நேரம் நிக்காம கசியும், அட்டை எச்சில்ல ரத்தம் உறைய விடாத சரக்கு இருக்கு, அதான், பயப்பட ஒண்ணும் இல்ல. எங்க கூட வந்த ஒருத்தரு ஷார்ட்ஸும் செருப்புமா கெளம்பினாரு, கைடு ஒரு தடவ மேல இருந்து கீழ வரைக்கும் பாத்தாரு, ஒண்ணும் பேசல, ஷார்ட்ஸ்காரரே ரூமுக்குப் போய் மாத்திட்டு வந்துட்டாரு.

பைனாகுலர் வாங்கறதா இருந்தா 8x42 போதும், அதாவது எட்டு மடங்கு பெருசா காட்டும், முன் லென்ஸ் 42 மில்லிமீட்டர். 10x வாங்காதீங்க, ஆடற படகுல பெருசா தெரியறதும் சேந்து ஆடும், காட்டுக்குள்ள இருட்டா வேற இருக்கும். வெள்ளை, சிவப்பு சட்டை வேணாம், சென்ட் வேணவே வேணாம்.

குமுளில எறங்கினதும் "சார் ஜங்கிள் போலாமா"ன்னு ஆளுங்க வருவாங்க. வனத்துறை ரசீது இல்லாம யார் கூடயும் காட்டுக்குள்ள போகாதீங்க. 2018 மார்ச்ல தேனி மாவட்டம் குரங்கணி காட்டுத் தீயில 23 பேர் போனாங்க, சென்னையில இருந்து ட்ரெக்கிங் போனவங்களும் அதுல இருந்தாங்க, அதுக்கப்பறமும் குறுக்கு வழி தேடறவங்கள பாத்தா எனக்கு கோவம்தான் வருது. படகு, நடை, மூங்கில் தெப்பத்துல நாள் முழுக்க போற ட்ரிப்னு எல்லாத்துக்கும் முன்கூட்டியே புக் பண்ணுங்க, லீவு நாள்ல நேர்ல போய் நின்னா கெடைக்காது. நாள் முழுக்க தெப்பத்துல போறதுக்கு சின்ன கூட்டமாத்தான் விடுவாங்க, கூட துப்பாக்கியோட கார்டு வருவாரு, எனக்கு கேட்டா பெரிய படகவிட அதுதான் நல்லாருக்கும், எஞ்சின் சத்தமே கெடையாது.

தேக்கடி ஏற்கனவே பாத்தாச்சுன்னா பரம்பிக்குளம் போங்க, கேரளா காடுதான், ஆனா ரோடு நம்ம பொள்ளாச்சி சேத்துமடை வழியாத்தான், அங்கயும் மூங்கில் தெப்பம் இருக்கு. சிங்கவால் குரங்குதான் வேணும்னா வால்பாறை புதுத்தோட்டம் பக்கம், அங்க ரோட்டோரமாவே கூட்டமா தெரியும், படகு மட்டும் கெடையாது. கொஞ்சம் செலவு பண்ணலாம்னா மலேசியா சபாவுல கினபாத்தாங்கான் ஆறு, கோலாலம்பூர் போய் அங்கருந்து சண்டாக்கானுக்கு இன்னொரு ஃப்ளைட். அங்க ஆத்தோரமா மிச்சம் இருக்கற காடு ஒரு பட்டை மாதிரிதான், பின்னாடி பூரா செம்பனை (பாமாயில் எடுக்கற பனை) தோட்டம், அதனால மிருகமெல்லாம் கரையிலயே கெடக்கும், சாயங்காலமானா பெருமூக்குக் குரங்குங்க தூங்கறதுக்கு ஆத்தங்கரை மரத்துக்கு வந்துடும், சின்னப் படகுல இருந்தே பாத்துடலாம்.

இப்ப உங்க வீட்டு ஆளுங்க. அம்மாவுக்கு முட்டி நல்லா இருந்தாலும் படகு மட்டும் போதும், ஈர வேர் மேலயும் சறுக்கற கல்லு மேலயும் மூணு மணி நேரம் நடக்கறது வேற விஷயம். பையனுக்கு நடைக்கு வயசு வரம்பு இருக்கும், புக் பண்ற பேஜ்லயே பாத்துக்கோங்க. விடலன்னா அழ வேணாம், நம்ம பக்கத்து திருவள்ளூர் மாவட்டத்துலயே பூண்டி பக்கம் கூடியம் குகைக்கு தமிழ்நாடு வனத்துறை நடை இருக்கு, 2024ல ஆன்லைன்ல தொறந்த லிஸ்ட்ல வருது, அது முள்ளுக்காடுதான், ஆனா கைடு பின்னாடி வாய மூடிட்டு நடக்கப் பழக நல்ல எடம். கோடையில காட்டுத் தீ பயத்துக்கு மூடுவாங்க, அதனால டிசம்பர், ஜனவரில முடிச்சுடுங்க. அதே சீசன்ல பழவேற்காட்டுக்கும் ஒரு நாள் காலையில கூட்டிட்டு போங்க, பூநாரை வந்திருக்கும், கரையில நின்னே பாக்கலாம், படகுக்கு கூப்பிட்டா மட்டும் ஏறாதீங்க, அங்க சுற்றுலா படகுக்கு தடை இருக்கு.