பள்ளி விழா அணிவகுப்பு: எந்த நாடு எப்போது வரவேண்டும்?

பள்ளி விழா அணிவகுப்புக்காக நாடுகளின் வரிசை தேடியபோது கிடைத்த, ஒன்றுக்கொன்று மாறுபட்ட இரண்டு ஒலிம்பிக் பட்டியல்களில் எது சரி என்று கேட்டிருக்கிறீர்கள். இரண்டு பட்டியலும் சரிதான். ஒலிம்பிக் தொடக்க விழாவில் கிரீஸ் முதலில், நடத்தும் நாடு கடைசியில் வரும். நடுவில் உள்ளவை நடத்தும் நாட்டு மொழியின் வரிசைப்படி போகும். பென்னாகரத்தில் உங்கள் பள்ளி விழாவுக்குத் தமிழ் அகரவரிசையே போதும், இந்தியா கடைசி.

ஒரு பட்டியலில் ஆஸ்திரேலியா முன்னால், இன்னொன்றில் கடைசிக்குப் பக்கத்தில் என்று குழம்பியிருக்கிறீர்கள். இரண்டாவது பாரிஸ் 2024 ஆக இருக்கலாம். டோக்கியோ ஒலிம்பிக் தொடங்கி, அடுத்து நடத்தப்போகும் நாடுகளையும் கடைசியில், நடத்தும் நாட்டுக்கு முன்னால் சேர்க்கிறார்கள்.

கடைசி மூன்று பெயரைப் பாருங்கள். ஆஸ்திரேலியா, அமெரிக்கா, பிரான்ஸ் என்றால் பாரிஸ். ஆஸ்திரேலியா, சாம்பியா, சீனா என்றால் 2008 பெய்ஜிங். அங்கே சீன எழுத்தில் உள்ள கோடுகளை எண்ணி வரிசை போட்டார்கள்!

தமிழில் போடும்போது ஒன்று கவனம். அமெரிக்காவுக்குப் பிறகுதான் அர்ஜென்டினா. ஜப்பான், ஜெர்மனி, ஸ்பெயின், ஹங்கேரி நான்கும் ஜ, ஸ, ஹ என்ற வடஎழுத்துகளில் தொடங்குவதால் இதே வரிசையில், மற்ற நாடுகளுக்குப் பிறகு, இந்தியாவுக்குச் சற்று முன்னால் நிற்கும். கணினியில் வரிசைப்படுத்தினால் ஜ இடம் மாறி விழக்கூடும், கையாலேயே சரிபாருங்கள். கிரீஸுக்கு அடுத்து அகதிகள் அணியையும் நிறுத்துங்கள், 2021இல் டோக்கியோவிலும் பிறகு பாரிஸிலும் அப்படித்தான் வந்தார்கள்.

இதெல்லாம் ஒலிம்பிக்குக்கு மட்டும். காமன்வெல்த் போட்டி மாதிரி நடத்துவதாக இருந்தால் கிரீஸே கிடையாது. முந்தைய முறை நடத்திய நாடு முதலில் வரும்.

அப்புறம், பெயர்ப்பலகைக்கு வெறும் சார்ட் வேண்டாம். மைதானக் காற்றில் மடங்கிவிடும், பின்னால் கெட்டி அட்டை ஒட்டிவிடுங்கள்.