கேள்வி பதில்: கினுயோ தனாகா, நடிகையும் இயக்குநரும்

இன்றைக்கு ஜப்பானியத் திரைக்கலைஞர் தனாகா பற்றி மட்டும். குரோசாவா கேள்விகளுக்கு இன்னொரு நாள்.

கேள்வி: அவரை நடிகையாகத்தான் தெரியும். இயக்கவும் செய்தாரா?

ஆறு படங்கள். 1924இல் பதினான்கு வயதில் ஷோச்சிகு படநிறுவனத்தில் சேர்ந்தவர். 1931இல் ஜப்பானின் முதல் முழுப் பேசும்படத்தில் அவர்தான் நாயகி. 1949இல் நல்லெண்ணப் பயணமாக அமெரிக்கா போனார். திரும்பி வந்தபோது போட்டிருந்த கறுப்புக் கண்ணாடியையும் பறக்கவிட்ட முத்தங்களையும் பார்த்து ஜப்பானியப் பத்திரிகைகள் அவரைக் கிழித்துவிட்டன. நாற்பது வயது நாயகிக்கு அதோடு கதை முடிந்தது என்றுதான் பலரும் நினைத்தார்கள்.

அவரோ இயக்குநர் நருசேயின் படப்பிடிப்பில் உதவியாளராக நின்று தொழில் கற்றார். 1953இல் முதல் படம் 'கோய்புமி'. காதல் கடிதம் என்று பொருள். ஊர் திரும்பிவிட்ட அமெரிக்கச் சிப்பாய்களுக்கு ஜப்பானியப் பெண்கள் கடிதம் எழுதுவிக்க வரும் டோக்கியோவின் ஷிபுயா சந்தில் நடக்கும் கதை. திரைக்கதை இயக்குநர் கினோஷிதா. அடுத்த ஆண்டு கான் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவுக்குப் போனது.

கேள்வி: அப்படியானால் ஜப்பானின் முதல் பெண் இயக்குநர் இவர்தானே?

இல்லை. தசுகோ சகானே. 1936இலேயே படம் இயக்கினார். இயக்குநர் மிசோகுச்சியிடம் உதவியாளராக இருந்தவர். அந்தப் படம் இன்று கிடைக்கவில்லை. பிரதி இல்லை என்பதற்காக ஆளே இல்லை என்று எழுதாதீர்கள்.

கேள்வி: எந்தப் படத்தில் தொடங்கலாம்?

1955இல் வந்த மூன்றாவது படம். ஹொக்கைடோவின் தன்கா (ஜப்பானியக் குறுங்கவிதை) கவிஞர் ஃபுமிகோ நகாஜோவின் வாழ்க்கையை வைத்து எடுத்தது. அவர் மார்பகப் புற்றுநோயால் 1954இல், 31 வயதில் இறந்தவர். மறுவருடமே படம்! அதில் ஒரு குளியலறைக் காட்சி. நாயகி மனதுக்குள் நேசித்தவன் இறந்துபோயிருப்பான். அவன் மனைவியின் வீட்டில் குளிக்கும்போது, அறுவைசிகிச்சை வடுவை அந்த மனைவி பார்த்துவிடுவாள். நாயகி மூடிக்கொள்ள மாட்டாள். பரிதாபத்துக்காக எடுத்திருந்தால் அங்கே கேமரா விலகியிருக்கும், விலகவில்லை. நான் பார்த்த தனாகா படங்களில் இதற்குத்தான் முதலிடம்.

கேள்வி: அந்தப் படத்துக்குத் திரைக்கதை எழுதிய சுமியே தனாகா அவருக்குத் தங்கையா?

உறவே இல்லை. அங்கே தனாகா ரொம்பச் சாதாரணமான குடும்பப் பெயர்.

கேள்வி: எல்லாம் மிசோகுச்சி கற்றுக்கொடுத்ததுதானே?

இதைத்தான் எதிர்பார்த்தேன். 'ஒஹாரு', 'உகெத்சு', 'சன்ஷோ' என்று அவர் எடுத்த பெரிய படங்களில் தனாகா நடித்தது உண்மை. ஆனால் தனாகா இரண்டாவது படம் இயக்கப் போனபோது எதிர்த்தவரும் அவரேதான். இயக்குநர் ஓசு அதற்குத் தன் திரைக்கதையையே கொடுத்தார். இயக்குநர் சங்கமும் தனாகா பக்கம் நின்றது.

கேள்வி: (முன்பு கேட்டவரே) எதிர்ப்பும் ஒரு பயிற்சிதான். உருவாக்கியவரைக் குறைக்காதீர்கள்.

கதவைச் சாத்தியவருக்கு வீடு கட்டிய பெருமையா? நடிகையாக அவரைச் செதுக்கியதில் மிசோகுச்சிக்குப் பங்குண்டு, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்த இரண்டாவது படத்தைப் பாருங்கள். வேலைக்காரி வேடம் தனாகாவுக்கு. தொலைபேசியில் வேறொருத்தியாகப் பேசச் சொல்லி இளம்பெண் ஒருத்தி அவளுக்கு ஒத்திகை வைக்கிறாள். இயக்குநர் நடிக்கத் தெரியாதவளாக நடிக்கிறார், அவருக்கு நடிப்புச் சொல்லித்தருவது கதையில் ஒரு சிறுபெண். இந்தக் குறும்பு மிசோகுச்சியிடம் எங்கே இருக்கிறது?

கேள்வி: (வேறொருவர்) இருவரும் காதலர்கள், அதனால் வந்த பொறாமை என்கிறார்களே?

தனாகா சிறிது காலம் சேர்ந்து வாழ்ந்தது இயக்குநர் ஹிரோஷி ஷிமிசுவோடு, 1920களின் கடைசியில். மற்றதை வாரப்பத்திரிகைகளிடம் கேளுங்கள். மிசோகுச்சிக்கு இத்தோடு போதும்.

கேள்வி: இயக்கியதோடு நடிப்பை விட்டுவிட்டாரா?

கடைசி இயக்கம் 1962, நடிப்பு அதற்குப் பிறகும் தொடர்ந்தது. 'சண்டகான்' படத்தில் இளவயதில் போர்னியோவுக்கு விற்கப்பட்ட மூதாட்டியாக வந்து, 1975இல் பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார். 1977இல் இறந்தார்.

கேள்வி: டவுன்லோட் லிங்க்?

தரமாட்டேன். ஆறு படங்களும் மீட்டெடுக்கப்பட்டு 2021 முதல் விழாக்களைச் சுற்றி வருகின்றன. நல்ல பிரதியில் பாருங்கள்.

கேள்வி: ஜப்பானின் முதல் பெண் இயக்குநர் என்ற முறையில் அவர்...

சகானே. ச-கா-னே. மேலே போய் இரண்டாவது பதிலைப் படித்துவிட்டு வாருங்கள்.