அன்னா ஸ்டென்: மூன்று படங்களுக்கு முன்னும் பின்னும்

அன்புள்ள ஐயா,

ஹாலிவுட்டுக்குப் போன ஐரோப்பிய நடிகைகள் பற்றிய உங்கள் கட்டுரையில் கிரேட்டா கார்போ இருக்கிறார், மார்லின் டீட்ரிக் இருக்கிறார். அன்னா ஸ்டென்னுக்கு ஒரு வரிகூட இல்லை. ஆங்கிலம் வாயில் நுழையாததால் மூன்றே படங்களில் ஊருக்குத் திருப்பி அனுப்பப்பட்டவர் என்று படித்திருக்கிறேன். அவ்வளவுதானா அவர்?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

யாரும் அவரைத் திருப்பி அனுப்பவில்லை. அமெரிக்காவிலேயே வாழ்ந்து 1993இல் நியூயார்க்கில் காலமானார். என் கட்டுரை ஹாலிவுட்டில் கொடிகட்டிப் பறந்தவர்களைப் பற்றியது; அதனால் அவர் அதில் வரவில்லை.

கீவ் நகரத்துப் பெண். போரிஸ் பார்னெட் 1927இல் எடுத்த ‘தொப்பிப் பெட்டியுடன் ஒரு பெண்’ என்ற மௌனப் படத்தைத் தேடிப் பாருங்கள். சோவியத் அரசாங்கத்தின் பரிசுக் கடன் பத்திரத்துக்கு விளம்பரமாக எடுக்கச் சொன்ன படம்; பார்னெட் அதை நல்ல நகைச்சுவையாக்கிவிட்டார். மாஸ்கோவில் வீட்டுப் பஞ்சம். தொப்பி தைத்துக் கொடுக்கும் நடாஷாவின் பெயரில் ஓர் அறையைப் பதிவுசெய்துவிட்டு, கடை முதலாளியம்மாள் தானே அனுபவிக்கிறாள். போக்கிடமில்லாத மாணவன் ஒருவனைப் பெயரளவுக்குக் கல்யாணம் செய்துகொண்டு, அவனை அந்த அறையில் குடியேற்றிவிடுகிறாள் நடாஷா. பனியில் அந்தப் பெரிய வட்டப் பெட்டியைச் சுமந்து வரும் அன்னாவிடம் இருக்கும் துடுக்கு பின்னாளில் எந்த அமெரிக்கப் படத்திலும் கிடைக்கவில்லை.

அடுத்து பெர்லின். 1931இல் தஸ்தயேவ்ஸ்கியின் கரமசோவ் கதையை வைத்து எடுத்த ஜெர்மன் பேசும் படத்தில் நடித்தார். ஆக, வேற்று மொழியில் பேசி நடிப்பது அவருக்குப் புதிதல்ல. அதில் அவரைப் பார்த்துத்தான் ஹாலிவுட் தயாரிப்பாளர் சாமுவேல் கோல்ட்வின் வலைவீசினார். கோல்ட்வினுக்கு வேண்டியது இன்னொரு கார்போ. அமெரிக்கா வந்த அன்னாவை ஏறக்குறைய இரண்டு ஆண்டுகள் படமெடுக்காமல் உட்காரவைத்து, உச்சரிப்புப் பாடம் நடத்தி, பத்திரிகைகளில் ஓயாமல் விளம்பரம் செய்தார். அவருக்கான முதல் படமான ‘நானா’வைப் பாதி எடுத்து, பிடிக்காமல் தூக்கிப்போட்டு, டோரதி ஆர்ஸ்னர் என்ற இயக்குநரை வைத்து மறுபடி எடுத்தார். 1934இல் படம் வந்தபோது ஜனங்களுக்கு விளம்பரமே திகட்டிப்போயிருந்தது. அதே ஆண்டு அமெரிக்கப் பாடலாசிரியர் கோல் போர்ட்டர் ஒரு பாட்டில் கோல்ட்வின் நடத்திய உச்சரிப்புப் பாடத்தைக் கிண்டலடித்தார். வார்சாவிலிருந்து வந்த கோல்ட்வினின் சொந்த ஆங்கிலமே ஊர் சிரித்த ஆங்கிலம் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

உச்சரிப்பு உறுத்தாத படம் ஒன்று உண்டு. 1935இல் கிங் விடோர் எடுத்த ‘திருமண இரவு’. கனெக்டிகட்டில் புகையிலை பயிரிடும் போலந்துக் குடும்பத்துப் பெண்ணாக, கேரி கூப்பருக்கு ஜோடியாக வருகிறார். அந்தப் பாத்திரம் அப்படித்தான் பேசும். ஆனால் அதுவும் வசூலாகவில்லை. நீங்கள் சொன்ன அந்த மூன்று படங்களோடு கோல்ட்வினுடனான ஒப்பந்தம் முடிந்தது.

பிறகு இங்கிலாந்தில் கணவர் யூஜின் ஃப்ரெங்கே இயக்கத்தில் ஒரு படம், 1940களில் போர்க்காலப் படங்களில் சில வேடங்கள், கடைசியில் ஓவியம். முதலில் பார்னெட் படம், அடுத்து விடோர் படம் பாருங்கள். ‘நானா’வுக்கு அவசரமில்லை.