எஃப்.ஐ.ஆர். இறந்தவர் மீதே இருந்தாலும் இழப்பீடு கேட்கலாமா?

கேள்வி: லாரி மோதி என் கணவர் இறந்து 4 மாதமாகிறது. பைக்கில் போனவர். எலக்ட்ரீஷியன், மாதம் 18,000 ரூபாய் வருமானம். அவர் தவறாக முந்தியதுதான் காரணம் என்று லாரி டிரைவர் கொடுத்த புகாரில், அவர் மீதே எஃப்.ஐ.ஆர். போட்டிருக்கிறார்கள். பிரேதப் பரிசோதனை அறிக்கையில் வயது 41. பள்ளிச் சான்றிதழ்படி 38. நான், 2 குழந்தைகள், மாமியார் அவரை நம்பியிருந்தோம். வழக்கு நிற்குமா?

பதில்: நிற்கும். ஆனால் நாள் குறைவு. மோட்டார் வாகனச் சட்டம் 166(3)-இன்படி விபத்து நடந்த 6 மாதத்துக்குள் மனு தாக்கலாக வேண்டும். இந்தக் காலக்கெடுவை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் வழக்குகள் இருந்தாலும் அதை நம்பித் தள்ளிப்போடாதீர்கள். விபத்து வேறு மாவட்டத்தில் நடந்திருந்தாலும், நீங்கள் குடியிருக்கும் பகுதி மோட்டார் வாகன விபத்துத் தீர்ப்பாயத்திலேயே எம்.சி.ஓ.பி. (விபத்து இழப்பீட்டு மனு) போடலாம்.

எஃப்.ஐ.ஆர். என்பது ஒருவர் சொன்ன தகவல்தான், முடிந்த முடிவல்ல. இங்கே புகார் கொடுத்தவரே வண்டியை ஓட்டியவர். தீர்ப்பாயம் குற்ற வழக்கைப் போல ஐயமறத் தெளிவான நிரூபணம் கேட்காது; எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்றே பார்க்கும். ஆனாலும் லாரி டிரைவரின் கவனக்குறைவை நீங்கள்தான் காட்ட வேண்டும். இப்படிப்பட்ட வழக்குகள் பெரும்பாலும் சரிவது இங்கேதான்: மனைவி மட்டும் சாட்சி சொல்வார், அவர் விபத்தைப் பார்த்தவர் அல்ல. நேரில் பார்த்த ஒருவரையாவது சாட்சிக்கூண்டில் ஏற்றுங்கள். கணவரை மருத்துவமனைக்குக் கொண்டுபோயிருந்தால், அங்குள்ள விபத்துப் பதிவேட்டு நகலில் அழைத்து வந்தவர் பெயர் இருக்கும். அவரிடமிருந்து தேடத் தொடங்கலாம். பார்வை மகஜர் (விபத்து நடந்த இடத்தைப் பார்த்துப் போலீஸ் எழுதும் குறிப்பு), அந்த இடத்தின் மாதிரி வரைபடம், மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை மூன்றையும் வாங்கிச் சேர்த்துப் படியுங்கள். வண்டிகள் எந்தப் பக்கம் கிடந்தன, லாரியில் எந்த இடம் நசுங்கியது என்பதெல்லாம் புகாரோடு பொருந்தாவிட்டால் அதுவே வலுவான வாதம்.

ஹெல்மெட் போடவில்லை என்றோ, பைக்கில் மூன்று பேர் என்றோ எதிர்த்தரப்பு சொன்னால் பதறாதீர்கள். விதிமீறல் மட்டும் போதாது; அது விபத்துக்கோ பாதிப்புக்கோ காரணமாக இருந்திருக்க வேண்டும் என்று 2020-இல் முகமது சித்திக் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. மரணம் தலைக்காயத்தாலா, வேறு காயத்தாலா என்பதைப் பிரேதப் பரிசோதனை அறிக்கையில் பாருங்கள்.

இனி தொகை. உச்ச நீதிமன்றத்தின் சரளா வர்மா (2009), பிரணய் சேத்தி (2017) தீர்ப்புகளின்படி, சுயதொழில் செய்பவர் 40 வயதுக்குக் கீழ் என்றால் எதிர்கால வருமான உயர்வுக்கு 40% சேரும்: 25,200. நம்பியிருப்பவர் 4 பேர் என்பதால் அவரது சொந்தச் செலவுக்கு நாலில் ஒரு பங்கு கழியும்: 18,900. ஆண்டுக்கு 2,26,800. இதை வயதுக்கேற்ற ஓர் எண்ணால், அதாவது பெருக்கெண்ணால், பெருக்குவார்கள்; 38 வயதுக்கு அது 15. ஆக 34,02,000 ரூபாய். உறவிழப்பு, ஈமச்செலவு போன்றவை தனி.

வயதை 41 என்று எடுத்தால் உயர்வு 25%, பெருக்கெண் 14. தொகை 28,35,000-ஆகக் குறையும். ஒரு தவறான எண்ணுக்கு 5,67,000 ரூபாய் போகிறது. பிரேதப் பரிசோதனையில் எழுதுவது மருத்துவரின் மதிப்பீடுதான்; பள்ளிச் சான்றிதழின் மூலத்தைத் தாக்கல் செய்யுங்கள். ஆதாரில் உள்ள பிறந்த தேதியைவிடப் பள்ளிச் சான்றிதழையே 2024-இல் உச்ச நீதிமன்றம் ஏற்றது. வருமானத்துக்கு வங்கிக் கணக்கு, யு.பி.ஐ. வரவு, அவருக்கு வேலை கொடுத்த ஒப்பந்ததாரரின் சாட்சியம் தேவை. கடிதம் மட்டும் கொடுத்து அவர் வராவிட்டால் பயனில்லை.

கணவர் மீதும் 25% தவறு என்று தீர்ப்பாயம் கண்டால் மொத்தத்தில் கால் பங்கு குறையும். முழுத் தவறும் அவருடையதே என்றால் 166-இன் கீழ் எதுவும் வராது. 164-ஆம் பிரிவில் தவறு யாருடையது என்று நிரூபிக்காமலே 5 லட்சம் கிடைக்கும். ஆனால் அதை ஏற்றுக்கொண்டால் 166 மனு காலாவதியாகிவிடும். சாட்சியைத் தேடிப் பார்க்காமல் அதில் கையெழுத்திடாதீர்கள். லோக் அதாலத்தில் சமரசமானாலும் அப்படித்தான், அதற்குப் பிறகு மேல்முறையீடு கிடையாது.