அழகர் எதற்குக் கோபித்துக்கொண்டு போகிறார்? – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

எனக்குச் சொந்த ஊர் மேலூர்ப் பக்கம். கோவையில் வங்கி வேலை. போன மாதம் பண்பாட்டு ஆய்வாளர் தொ. பரமசிவனின் ‘அழகர் கோயில்’ படித்தேன். படித்த சூட்டோடு ஊருக்குப் போய் அம்மாவிடம், “அழகர் தங்கச்சி கல்யாணத்துக்கு வர்றாருங்கறது எந்தப் புராணத்துலயும் இல்லம்மா. அது வேற திருவிழா, இது வேற திருவிழா. திருமலை நாயக்கர் காலத்துல ஒண்ணாச் சேத்துட்டாங்க” என்றேன். அம்மா கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “அப்ப எதுக்குடா அவரு கோவிச்சுக்கிட்டு வண்டியூருக்குப் போறாரு?” என்று கேட்டார். அதற்குப் பிறகு இரண்டு நாள் முகம் கொடுத்துப் பேசவில்லை.

இந்த மாதிரிப் புத்தகங்கள் நம்பிக்கையைக் கெடுக்கத்தான் செய்யுமா? சாமி கும்பிடாதவர்கள், அந்த மதத்தைச் சேராதவர்கள் ஒரு மதத்தைப் பற்றி எழுதினால் அதை எவ்வளவு தூரம் நம்பலாம்?

மு.

அன்புள்ள மு.,

தப்பு புத்தகத்தில் இல்லை, நீங்கள் அதை அம்மாவிடம் கொண்டுபோன விதத்தில் இருக்கிறது. அம்மா கேட்டாரே ஒரு கேள்வி, தொ.ப.வின் புத்தகத்துக்கும் அதுதான் கேள்வி.

‘அழகர் கோயில்’ மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டத்துக்காக எழுதப்பட்டது. 1989-இல் பல்கலைக்கழகமே நூலாக வெளியிட்டது. அதுவரை நம்மிடம் கோயிலைப் பற்றிய நூல் என்றால் தலபுராணம், இல்லாவிட்டால் கல்வெட்டு, கட்டடக்கலை. கோபுரம் எத்தனை நிலை, எந்த மன்னன் திருப்பணி செய்தான், ஆழ்வார் எத்தனை பாசுரம் பாடினார் என்று சொல்லி முடித்துவிடுவார்கள். தொ.ப. மதிலுக்கு வெளியே வந்து நின்றுகொண்டு, இந்தக் கோயிலுக்கு யார் யார் வருகிறார்கள், ஏன் வருகிறார்கள் என்று கேட்டார். கள்ளர், இடையர், வலையர், பள்ளர், பறையர் ஒவ்வொருவருக்கும் இந்தப் பெருமாளோடு என்ன உறவு? திரியெடுத்து ஆடுகிறவர் யார்? தோல் துருத்தியில் தண்ணீர் பீய்ச்சிக்கொண்டு வருகிறவர் எந்த ஊர்? கோயிலுக்குள் பெருமாள் இருக்க, வாசலில் சாத்திய கதவுக்குச் சந்தனம் பூசி, அதையே பதினெட்டாம்படிக் கருப்பன் என்று ஏன் கும்பிடுகிறார்கள்? வழக்கு வம்பு என்றால் சத்தியம் செய்ய ஏன் பெருமாளிடம் போகாமல் அந்தக் கதவின் முன்னால் வந்து நிற்கிறார்கள்?

இதில் ‘சாமி உண்டா’ என்ற கேள்வி எங்கும் வராது. வர வேண்டிய தேவையும் இல்லை.

சித்திரைத் திருவிழாவையே எடுத்துக்கொள்வோம். கோயில் சொல்லும் காரணம், சாபத்தால் தவளையான மண்டூக முனிவருக்குச் சாபவிமோசனம். சனங்கள் சொல்லும் காரணம், தங்கை மீனாட்சியின் கல்யாணம். அண்ணன் வருவதற்குள் தாலி கட்டியாயிற்று, கோபம் வந்து ஊருக்குள் நுழையாமல் வைகையில் இறங்கி வண்டியூருக்குத் திரும்பிவிட்டார். முன்பெல்லாம் அழகர் ஆற்றில் இறங்கியது சோழவந்தான் பக்கம் தேனூரில் என்றும், மாசியில் நடந்த மீனாட்சி கல்யாணத்தைத் திருமலை நாயக்கர் சித்திரைக்கு மாற்றினார் என்றும் சொல்கிறார்கள். வண்டியூரில் இருக்கும் மண்டபத்துக்கு இன்றும் தேனூர் மண்டபம் என்றே பெயர்.

சரி, நாயக்கர் தேதியை மாற்றினார். தேதி மாறியதும் அழகரை அண்ணனாக்கியது யார்? அரசாணை போட்டு ஒரு சாமியை இன்னொரு சாமிக்கு அண்ணனாக்க முடியாது. ஒரு சைவக் கோயில், ஒரு வைணவக் கோயில், பக்கத்துப் பக்கத்து நாட்களில் இரண்டு திருவிழா, மாட்டுவண்டி கட்டி வந்து ஆற்று மணலில் படுத்துக் கிடக்கும் ஆயிரக்கணக்கான குடும்பங்கள். சீர் கொண்டுவந்த தாய்மாமன் பந்தலில் மரியாதை குறைந்தது என்று கோபித்துக்கொண்டு போகும் காட்சி இவர்கள் எல்லோர் வீட்டிலும் நடந்திருக்கும். தங்களுக்குத் தெரிந்த உறவுமுறையை வைத்து இரண்டு சாமிகளையும் சேர்த்துத் தைத்துவிட்டார்கள். வண்டியூரில் துலுக்க நாச்சியார் என்ற முஸ்லிம் நாயகியின் வீட்டில் அழகர் தங்குகிறார் என்ற பேச்சையும் இதோடு சேர்த்துப் பாருங்கள். புராணம் எழுதியவர்கள் செய்யத் துணியாத வேலை அது.

நீங்கள் அம்மாவிடம் “அது புராணத்தில் இல்லை” என்றீர்கள். புராணத்தில் இல்லாததுதான் அதன் மதிப்பு. புத்தகத்தில், அழகரின் வருகையைச் சனங்கள் வர்ணித்துப் பாடும் வர்ணிப்புப் பாடல்களைப் பற்றி வரும் பகுதியை மறுபடி படியுங்கள். உங்கள் அம்மாவைப் போன்றவர்கள் பாடியும் சொல்லியும் கேட்டவைதான் அங்கே சான்று.

தொ.ப. சொன்னதெல்லாம் வேதவாக்கு என்று நான் சொல்லவில்லை. அழகர் கோயில் ஒரு காலத்தில் பௌத்தக் கோயிலாக இருந்தது என்று அவர் கருதுகிறார், ஆராய்ச்சியாளர் மயிலை சீனி. வேங்கடசாமிக்கும் அதே கருத்து உண்டு. அந்த இடத்தில் எனக்கு இன்னும் திருப்தி இல்லை, சான்றுகள் போதாது என்றே படுகிறது. பின்னாளில் எழுதிய சின்னச் சின்னக் கட்டுரைகளிலும் சில இடங்களில் ஒரே தாவலில் முடிவுக்குப் போய்விடுவார். உப்பைப் பற்றியும் உரலைப் பற்றியும் அவ்வளவு அழகாக எழுதக்கூடியவர் என்பதால் மன்னித்துவிடுகிறேன்.

அப்புறம், உங்கள் இரண்டாவது கேள்வி. தொ.ப. பெரியாரை ஏற்றுக்கொண்டவர். அவரிடமாவது ஊர்ப்பாசம் இருந்தது என்று சொல்லலாம். இன்னும் தள்ளி நின்ற ஒருவரைச் சொல்கிறேன். சீகன்பால்க், ஜெர்மன் பாதிரியார், 1706-இல் டேனிஷ்காரர்களின் தரங்கம்பாடியில் வந்து இறங்கியவர். நம் சாமிகளை ஒழித்துக்கட்டத்தான் வந்தார், அதில் ஒளிவுமறைவே இல்லை. ஒழிப்பதற்கு முதலில் என்னவென்று தெரிய வேண்டுமே. தமிழ் படித்தார், சுவடிகள் சேர்த்தார், உள்ளூர்க்காரர்களிடம் கேள்வி மேல் கேள்வி கேட்டுப் பதில்களைக் கடிதமாக வாங்கி ஜெர்மனிக்கு மொழிபெயர்த்து அனுப்பினார். (வாசகர் கடிதத்துக்கு இங்கே முந்நூறு வருடப் பாரம்பரியம் இருக்கிறது, பாருங்கள்.) 1713-இல் தென்னிந்தியத் தெய்வங்களின் வம்சாவளி என்று ஒரு நூலை எழுதி முடித்தார். சிவன், விஷ்ணுவோடு நிறுத்தவில்லை. ஐயனார், மாரியம்மன், அங்காளம்மன், பிடாரி எல்லோருக்கும் அதில் இடம் கொடுத்தார். நம் பண்டிதர்கள் பிடாரியைப் பற்றி ஒரு பக்கம் எழுத அதற்குப் பிறகு எத்தனை காலம் ஆயிற்று என்று யோசியுங்கள்.

கைப்பிரதியைப் பார்த்த மிஷனின் மேலிடம், ஜெர்மனியின் ஹாலே நகரத்தில் இருந்தது, அச்சுப் போட மறுத்துவிட்டது. அஞ்ஞானத்தை வேரறுக்கத்தான் உங்களை அனுப்பினோம், அதை ஐரோப்பாவில் பரப்ப அல்ல என்பது அவர்கள் வாதம். சீகன்பால்க் 1719-இல் இறந்துபோனார். நூல் 1867-இல்தான் சென்னையில் அச்சானது.

பிடாரியை அவர் பேய் என்றுதான் எழுதுகிறார். அந்தத் தீர்ப்பை நான் எடுத்துக்கொள்வதில்லை, அதைத் தாண்டிப் போய்விடுவேன். ஆனால் கிராமத்தில் என்ன நடந்தது என்று அவர் எழுதி வைத்ததை விட முடியாது. இப்படிப்பட்ட ஆளை நம்பலாமா என்று கேட்டால், எந்தப் பக்கத்தில் கேட்டதை எழுதுகிறார், எந்தப் பக்கத்தில் நினைத்ததை எழுதுகிறார் என்று பிரித்துப் பார்த்து நம்பலாம் என்பேன். தொ.ப.வுக்கும் அதே அளவுகோல்தான். என் கட்டுரைகளுக்கும்.

நம்பிக்கை உள்ளவர் எழுதிவிட்டால் மட்டும் சரியாகிவிடுமா? எந்தப் புத்தகக் கண்காட்சிக்குப் போனாலும் கோயில்களின் அறிவியல் ரகசியம் என்று நாலு புத்தகமாவது கண்ணில் படுகிறது. மணி அடித்தால் மூளையில் அலை எழும், கலசத்தில் மின்சாரம் இறங்கும் என்கிறார்கள். எழுதியவர்கள் பக்திமான்கள்தான். அந்தக் கோயிலுக்குள் யாரை விடவில்லை, எந்த வருடம் விட்டார்கள் என்று ஒரு வரி இருக்காது. சாமி கும்பிடுகிறவர்களை முட்டாள் என்று திட்டி எழுதிய புத்தகங்களும் எனக்கு இதே அலுப்பைத்தான் தருகின்றன. இரண்டிலும் மனிதர்களே இல்லை.

நம்பிக்கை கெடுமா என்று கேட்டீர்கள். என் கதையைச் சொல்கிறேன். மயிலை சீனி. வேங்கடசாமியின் ‘சமணமும் தமிழும்’ (1954) நூலைக் கல்லூரி நாளில் படித்தேன். தீபாவளி மகாவீரர் முக்தியடைந்த நாளிலிருந்து வந்த சமணப் பண்டிகை என்று அதில் வாதிடுகிறார். படித்துவிட்டு அந்த வருடம் வீட்டில் ஒரே அலப்பறை. பாட்டி எண்ணெய்க் கிண்ணத்தோடு நின்றார். “சமணரும் எண்ணெய் தேச்சுத்தானடா குளிச்சிருப்பாக, உக்காரு” என்றார். உட்கார்ந்தேன். சமணருக்கு அதற்கு அனுமதி இருந்ததா என்பது தனி ஆராய்ச்சி.

மதுரைக்கு வரும் அழகரை எதிர்கொண்டு வரவேற்கும் எதிர்சேவையில் செம்பு நிறையச் சர்க்கரை வைத்து, வாயை வாழை இலையால் கட்டி, மேலே சூடம் ஏற்றிக்கொண்டு நிற்பார்களே, உங்கள் அம்மாவும் நின்றிருப்பார். அது ஏன் சர்க்கரை, அந்தச் செம்பு வீட்டில் யார் காலத்துச் செம்பு, முதல் தடவை யாரோடு போனார், வண்டியிலா நடையிலா, இரவு எங்கே படுத்தார்கள் என்று கேளுங்கள். வர்ணிப்புப் பாட்டு நாலு வரி தெரிந்தாலும் போதும், பாடச் சொல்லி எழுதிக்கொள்ளுங்கள். நடுவில் திருத்த வேண்டாம். எழுதியதை எனக்கும் ஒரு பிரதி அனுப்புங்கள்.