வாசகர் கேள்விகள்: மலையாளப் படங்களில் ஆண்களும் வீடும்

கேள்வி: அண்மைக்கால மலையாளப் படங்களில் குடும்பமே பெரும்பாலும் களமாக இருக்கிறது. பழைய குடும்பப் படங்களிலிருந்து இவை எந்த வகையில் வேறுபடுகின்றன? (வாசகர், நாகர்கோவில்)

பதில்: மலையாள சினிமா குடும்பத்தை விட்டு ஒருபோதும் விலகியதில்லை. 1989இல் லோகிததாஸ் எழுதி சிபி மலயில் இயக்கிய ‘கிரீடம்’ படத்தில், மகனைச் சப் இன்ஸ்பெக்டராகப் பார்க்க ஆசைப்பட்ட கான்ஸ்டபிள் தந்தையின் கனவு, அந்தத் தந்தையைக் காப்பாற்ற மகன் கையோங்கியதாலேயே பாழாகிறது; 2007இல் அஜித் நடிக்கத் தமிழிலும் வந்த கதைதான். அந்தத் துயரத்தில் நாம் மகனுக்காக அழுதோம். ஆனால் தந்தையின் கனவை மகன் சுமந்தே ஆக வேண்டுமா என்று அங்கே யாரும் கேட்கவில்லை. இன்றைய படங்கள் அந்தக் கேள்வியைத்தான் வீட்டுக்குள் கொண்டுவந்து வைக்கின்றன.

2019இல் மது சி. நாராயணன் இயக்கிய, சியாம் புஷ்கரன் எழுதிய ‘கும்பளங்கி நைட்ஸ்’ இதற்குச் சரியான சான்று. கொச்சியை ஒட்டிய காயலோரத்தில், பூச்சு காணாத வீடொன்றில் ஓயாமல் சண்டையிடும் சகோதரர்கள் வாழ்கிறார்கள். இன்னொரு வீட்டிலோ எல்லாம் ஒழுங்காக இருக்கிறது, ஏனெனில் அங்கே ஷம்மி என்ற மருமகன் எல்லோரையும் தன் கண்காணிப்பில் வைத்திருக்கிறான். குளியலறைக் கண்ணாடியில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கர் பொட்டை அவன் பிளேடால் சுரண்டி எடுத்துவிட்டுத் தன் மீசையை ரசிப்பான். அந்த வீட்டில் பெண்களின் சுவடுகூட அவனுக்குப் பொறுக்காது என்பதைச் சொல்ல இயக்குநருக்கு அதற்குமேல் எதுவும் தேவைப்படவில்லை. மறுபக்கம் மூத்த அண்ணன் சஜி, தனக்கு அழுகை வரவில்லை என்று சொல்லி, மருத்துவரிடம் அழைத்துப் போகும்படி தம்பியையே கேட்டு, அந்த மருத்துவரின் மார்பில் சாய்ந்து தேம்பி அழுகிறான். உதவி கேட்பதை ஓர் ஆணின் வீழ்ச்சியாக அல்லாமல் மீட்சியின் தொடக்கமாகக் காட்டிய அக்காட்சியை, தென்னிந்திய சினிமாவின் மிகச் சிறந்த காட்சிகளில் ஒன்றாகவே நான் கருதுகிறேன்.

ஆயினும் எனக்கு இரண்டு குறைகள் உண்டு. ஷம்மியை இறுதியில் மனநிலை பிறழ்ந்தவனாக்கி வலைவீசிப் பிடிப்பது, ஊரெங்கும் நல்ல பெயரோடு உலவும் அத்தகைய கணவர்களைத் தப்பவிட்டுவிடுகிறது. சஜி திருந்துவதற்கு, துணி தேய்த்துப் பிழைக்கும் முருகன் என்ற தமிழர் தம் உயிரையே விலையாகத் தர வேண்டியிருப்பதும், அவருடைய மனைவி சதி கைக்குழந்தையோடு அந்தச் சகோதரர்களின் வீட்டுக்கு வந்து அதைக் குடும்பமாக்குவதும் நெகிழ்ச்சியாகப் படமாக்கப்பட்டிருந்தாலும், சதியின் துக்கத்துக்குப் படம் போதிய இடம் தரவில்லை.

கேள்வி: மம்மூட்டி போன்ற பெரிய நட்சத்திரம் ‘காதல்: தி கோர்’ படத்தில் நடித்ததால் ஏதேனும் மாறிவிடுமா? (வாசகி, கோயம்புத்தூர்)

பதில்: ஜியோ பேபி இயக்கிய அந்த 2023ஆம் ஆண்டுப் படத்தை மம்மூட்டியின் சொந்த நிறுவனமே தயாரித்தது என்பதை மறக்க வேண்டாம். உள்ளாட்சி இடைத்தேர்தலில் நிற்கும் மாத்யூவிடமிருந்து, அவர் ஒருபாலீர்ப்பு உடையவர் என்ற காரணத்தைச் சொல்லி மனைவி ஓமனா விவாகரத்து கோருகிறார். ஜோதிகா அந்தப் பாத்திரத்தை அடங்கிய குரலில் கையாண்டிருக்கிறார். வழக்கு நடக்கும்போதும் இருவரும் ஒரே வீட்டில்தான் வாழ்கிறார்கள். என்னை மிகவும் பாதித்தவர் மாத்யூவின் முதிய தந்தைதான்: எல்லாம் தெரிந்திருந்தும் திருமணம் செய்துவைத்து, அதன்பின் பல ஆண்டுகள் மௌனமாக இருந்துவிட்ட அவர், அந்த மௌனத்தைக் கலைத்த பிறகுதான் மகனால் அவரைக் கட்டிக்கொண்டு அழ முடிகிறது.

ஒரு நட்சத்திரத்தால் திரையில் இவ்வளவு செய்ய முடியும். திரைக்குப் பின்னால் நிலைமை வேறு: மலையாளத் திரைத்துறையில் பெண்களின் நிலையை ஆராய 2017இல் அமைக்கப்பட்ட ஹேமா கமிட்டியின் அறிக்கை 2024 ஆகஸ்டில் வெளியானபோது, இதே திரைத்துறையில் பெண்கள் அனுபவிக்கும் பாலியல் சுரண்டல் ஊரறியத் தெரிந்தது. அந்த அறிக்கைக்கு ஏழு ஆண்டுகள் காத்திருந்த பெண்களுக்கு, நல்ல படங்களைச் சுட்டிக்காட்டி நாம் பதில் சொல்லிவிட முடியாது.